தீர்ப்புக் கடனும் அதனை அறவிடும் முறையும்

ஒருவன் மற்றொருவனுக்கு ஐந்து இலட்சம் ரூபா கடன் கொடுத்தான் என்று கொள்வோம். தவணை கழிந்தது; பணம் வந்திலது. கொடுத்தவன் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கிட்டான். சட்டத்தரணிக்குக் கூலி கொடுத்து, தவணைதோறும் நீதிமன்றப் படியேறி, சில ஆண்டுகள் காத்திருந்து, ஈற்றில் வெற்றியும் பெற்றான். நீதிபதி கையொப்பமிட்ட தீர்ப்பாணை அவன் கையில் உளது. நம் நாட்டு முதியோர் அதனை 'டிக்கிறி' எனவே வழங்குவர். 'இன்னான் இன்னானுக்கு இவ்வளவு பணமும் வட்டியும் செலவும் செலுத்தக்கடவன்' என்பதே அதன் வாசகம். அதனை வாசித்துக் காட்டியவுடன் எதிரி பணத்தை எண்ணி வைப்பானாயின் கதை அத்துடன் முடிந்தது. அவன் வையானாயின் யாது செய்வது? வழக்கில் வெல்லுதல் ஒன்று, வென்ற பொருளைக் கையிற் பெறுதல் வேறொன்று என்னும் உண்மையைப் பலர் இந்தக் கட்டத்திலேதான் முதன்முதலாக அறிகின்றனர்.

தீர்ப்புக்குப் பின் வரும் இப்பகுதியைச் சட்டநூலார் 'தீர்ப்பு நிறைவேற்றம்' என்பர். வழக்கு விசாரணையைப் போல இது மக்களின் கவனத்தைக் கவர்வதில்லை. செய்தித்தாள்கள் இதனைப் பற்றி எழுதுவதுமில்லை. ஆயினும் ஒரு சமுதாயம் கடன்பட்டானை எவ்வாறு நோக்கிற்று என்பதை அறிய விரும்புவோன் அச்சமுதாயத்தின் தீர்ப்பு நிறைவேற்ற முறையையே ஆராய்தல் வேண்டும். கடன் எங்கே தங்கியிருக்கின்றது? கடனாளியின் உடலிலா, அவனுடைய உடைமையிலா? இவ்வினாவுக்கு உலகம் விடைகாண ஈராயிரம் ஆண்டுக்கு மேற் சென்றது.

பண்டை உரோமர் முதலில் உடல் என்றே விடை கூறினர். கி.மு. 450ஆம் ஆண்டையொட்டி எழுந்த பன்னிரு பலகைச் சட்டத்தின் மூன்றாம் பலகை கடன் அறவிடுதலைப் பற்றியது. கடனை ஒப்புக்கொண்டவனுக்கும் தீர்ப்புப் பெற்றவனுக்கும் முப்பது நாள் தவணை உண்டு. அது கழிந்தபின் கடன் கொடுத்தோன் அவன்மேற் கைவைத்து நீதிபதிமுன் இழுத்துச் செல்லலாம். அங்கேயும் பணமோ பிணையோ கிடையாவிடின் தன் இல்லத்துக்குக் கொண்டுபோய் விலங்கிடலாம். விலங்கின் நிறை பதினைந்து இறாத்தல் எனச் சட்டம் வரையறுத்தது. கட்டுண்டவன் விரும்பின் தன் சொந்த உணவை உண்ணலாம். அன்றேல் கட்டியவன் நாளொன்றுக்கு ஓர் இறாத்தல் தானிய மாவாவது கொடுத்தல் வேண்டும். இவ்வாறு அறுபது நாள். அந்நாட்களுள் அடுத்தடுத்து வரும் மூன்று சந்தை நாட்களில் அவனை மன்றுக்குக் கொணர்ந்து, இவ்வளவு பணத்துக்காக இவன் கட்டுண்டிருக்கின்றான் என்று பலரறியக் கூறுதல் வேண்டும். இரக்கமுள்ள உறவினனோ நண்பனோ முன்வரக்கூடும் என்பது நோக்கம் போலும். எவரும் வாராவிடின், மூன்றாம் சந்தைக்குப்பின் அவனைத் தைபர் ஆற்றுக்கப்பால், அஃதாவது அந்நிய நாட்டில், அடிமையாக விற்கலாம். கடன் கொடுத்தோர் பலராயின் அவனைப் பங்கிட்டு வெட்டிக்கொள்ளலாம் என்றும், கூடக்குறைய வெட்டினும் குற்றமில்லை என்றும் அச்சட்டம் கூறிற்று.

இவ்வெட்டுதல் உண்மையில் நிகழ்ந்ததா என்பது அறிஞர்க்குள் நெடுங்கால வாதம். இரண்டாம் நூற்றாண்டில் வாழ்ந்த ஓலுஸ் கெல்லியுஸ் என்னும் இலத்தீன் ஆசிரியர், எவரேனும் அவ்வாறு வெட்டப்பட்டதாகத் தாம் படித்ததுமில்லை, கேட்டதுமில்லை என எழுதி வைத்துள்ளார். அச்சுறுத்தலே நோக்கமாயிருத்தல் கூடும். ஆனால் கட்டுதலும் விற்றலும் கற்பனையல்ல. கடனுக்காகக் கட்டுண்ட குடிமக்களின் கொந்தளிப்பு உரோம வரலாற்றின் தொடக்க நூற்றாண்டுகளை உலுக்கியது. கி.மு. 326இல் இயற்றப்பட்டதாக லிவி குறிப்பிடும் பொயெற்றீலியச் சட்டம் கடனாளியின் உடலைப் பிணையாகக் கட்டும் வழக்கத்தைத் தளர்த்தி, உடைமையே கடனுக்குப் பொறுப்பென்னும் கொள்கைக்கு வழிதிறந்தது. பின்னர் அந்தோனீனுஸ் பியூஸ் என்னும் பேரரசன் (ஆட்சிக் காலம் 138 முதல் 161 வரை) தீர்ப்பை நிறைவேற்றுவோர்க்கு ஓர் ஒழுங்கு வகுத்தான். முதலில் அசையும் பொருளைக் கைப்பற்றி விற்றல் வேண்டும். அது போதாதாயின் நிலம். அதுவும் போதாதாயின் கடனாளிக்குப் பிறர் கொடுக்கவேண்டிய கடன்கள். இவ்வொழுங்கு உரோம-ஒல்லாந்தச் சட்டத்திலும் புகுந்தது. ஒல்லாந்தர் வாயிலாக அச்சட்டம் கீழைக் கடல்களைக் கடந்து இலங்கைக்கும் வந்தது.

இனி நம்மவர் கண்ட முறைகளை நோக்குவாம். மனுநூல் எட்டாம் அத்தியாயம் கடனைத் திரும்பப்பெறும் வழிகள் ஐந்தெனத் தொகுத்துரைக்கின்றது. அறமுரைத்தல், வழக்கிடுதல், உபாயம், வழக்காறு, வலிமை என்பன அவை. இவற்றுள் நீதிமன்றம் ஒன்றே ஒன்று என்பது கருதத்தக்கது. கடன் கொடுத்தோன் தானே முயன்று தன் பொருளைப் பெறின் அரசன் அவனைக் குற்றம் சாட்டலாகாது என்றும் அந்நூல் அடுத்த செய்யுளிற் கூறும். பணமில்லாக் கடனாளி உழைத்துத் தீர்க்கலாம் என்றும் அது விதிக்கின்றது. ஆனால் அவ்வுழைப்பு, கடனாளி சமசாதியானோ தாழ்ந்தவனோ ஆயின் மட்டுமே. உயர்ந்த சாதியான் சிறிது சிறிதாகக் கொடுத்துத் தீர்த்தாற் போதும். பழைய நூல்களைப் போற்றுவோர் இப்பகுதியை விரைந்து கடந்துவிடுதல் வழக்கம். அவ்வாறு கடத்தல் நேர்மையாகாது; ஒரே கடனுக்கு ஒருவன் முதுகு வளைதலும் மற்றொருவன் தவணை பெறுதலும் எழுதி வைக்கப்பட்டிருந்தன.

'வழக்காறு' என்பதற்கு உரைகாரர் கூறும் பொருள்களுள், கடனாளியின் வாயிலிற் சென்று உண்ணாது கிடத்தலும் ஒன்று. தரணை இருத்தல் எனப் பிற்காலத்து வழங்கியது இதுவே. கடன் கொடுத்தோன் வாயிலில் இருந்து பட்டினி கிடந்து மாய்வானாயின் அப்பாவம் கடனாளியைச் சாரும் என்னும் நம்பிக்கையே அதன் வலிமை. அயர்லாந்தின் பழைய சட்டத்திலும் இவ்வாறே வாயிலில் உண்ணாதிருத்தல் ஒரு முறையாக இருந்தமை வியப்புக்குரியது. 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டக்கோவை 508ஆம் பிரிவில், தெய்வசினத்துக்கு ஆளாக்குவதாக நம்பச்செய்து ஒருவனை வற்புறுத்துதல் குற்றமாக்கப்பட்டது. தரணை இருத்தலே அப்பிரிவுக்கு முதல் உதாரணமாகக் கொடுக்கப்பட்டுளது.

தமிழகத்தின் கரையோரத்து வழக்கமொன்றை வெனிசு நகர வணிகன் மார்க்கோ போலோ பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியிற் கண்டு கூறியுள்ளான். அவன் மாபார் என்றது பாண்டி நாட்டுக் கரையை. பன்முறை கேட்டும் கடனைக் கொடாது நாட்கடத்துவானை, கடன் கொடுத்தோன் எதிர்ப்பட்ட இடத்தில் நிறுத்தி அவனைச் சுற்றி நிலத்திலே ஒரு வட்டம் கீறுவான். பணத்தைக் கொடுத்தோ தக்க பிணை காட்டியோ அன்றி அவ்வட்டத்தைக் கடத்தல் கூடாது. கடந்தவனுக்குத் தண்டனை மரணம். மன்னனே ஓர் அந்நிய வணிகனுக்குக் கடன்பட்டு நாட்கடத்தி வந்தானாம். ஒருநாள் அவன் குதிரைமீது சென்றபோது அவ்வணிகன் மன்னனையும் குதிரையையும் சேர்த்து வட்டம் கீறிவிட்டான். மன்னன் குதிரையை நிறுத்தி, வணிகன் கடன் தீரும்வரை அவ்விடம் விட்டு அசைந்திலன் எனவும், அதனைத் தான் நேரிற் கண்டதாகவும் போலோ கூறுகின்றான். அவன் கூற்றில் எத்துணை மெய்யென்பதை இன்று அறுதியிட இயலாது. எனினும் பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்திற் கள்ளிக்கோட்டைக்கு வந்த வர்த்தேமா என்னும் இத்தாலியனும் இதனை ஒத்த வட்ட வழக்கமொன்றை எழுதியிருத்தலின், முற்றும் புனைவெனத் தள்ளுதலும் பொருந்தாது.

கண்டி இராச்சியத்திற் பத்தொன்பது ஆண்டுகள் சிறைப்பட்டிருந்து 1679இல் தப்பிச் சென்ற இறொபேட்டு நொக்ஸ், 1681இல் வெளியிட்ட நூலில் இன்னும் கொடியதொரு முறையைக் குறிக்கின்றான். கடன் கொடுத்தோன் 'நியங்கலா' என்னும் நச்சுச் செடியின் இலையைக் கையிற்கொண்டு கடனாளி வீட்டுக்குச் சென்று, பணம் தராவிடின் இதனைத் தின்று இங்கேயே சாவேன் என்பானாம். நியங்கலா என்பது நம் வேலிகளிற் படர்ந்து பூக்கும் கார்த்திகைச் செடியே. ஒருவன் பொருட்டு மற்றொருவன் உயிர்விடின் முன்னவன் அதற்கு ஈடு கொடுத்தல் வேண்டுமாதலின், அச்சங்கொண்ட கடனாளி சிலவேளை தன் பிள்ளையை விற்றும் கடனைத் தீர்ப்பான் என நொக்ஸ் எழுதுகின்றான். வட்டமும் பட்டினியும் நச்சிலையும் தம்முள் வேறுபட்டன போலத் தோன்றினும் ஓரினத்தனவே. தீர்ப்பை நிறைவேற்ற அரசு ஆளை அனுப்பாத காலத்தில் ஊரார் கண்ணும் பாவத்தின் அச்சமுமே சேவகராய் நின்றன. அவற்றாற் பயன்பெற்றோர் யாவர்? இழப்பதற்கு மானமுள்ள கடனாளியிடம் மட்டுமே அவை செல்லும். மானமற்றவனிடம் வட்டம் வெறுங்கீறலே.

யாழ்ப்பாணத்து வழக்காறுகளை ஒல்லாந்த அரசின் ஆணைப்படி கிளாஸ் ஈசாக்ஸ் என்னும் அதிகாரி 1706இல் தொகுக்க, பன்னிரு முதலிமார் ஆராய்ந்து ஏற்க, 1707இல் நடைமுறைக்கு வந்த தேசவழமையிலும் கடனைப் பற்றிய விதிகள் உள. பெற்றோர் விட்டுச் சென்ற கடனுக்கு ஆண்மக்கள் பொறுப்பாளர். அவ்வேளை கொடுக்க வகையில்லாதிருப்பினும் பொறுப்பு நீங்காது. தந்தையின் கடனை மகன் தீர்த்தல் அறக்கடன் என்னும் இந்து தரும நூற் கொள்கையோடு இஃது ஒத்திருத்தல் வெளிப்படை. கடனின் இருப்பிடம் இங்கே உடலுமன்று, உடைமையுமன்று; குடியே அதன் இருப்பிடம். இவ்வாறு பிறப்பினாலே கடனாளியாகும் நிலை இன்றையோர்க்குக் கொடுமையாகத் தோன்றும். ஆயின் வழக்குக்கே செல்லாது கடனைக் காக்கும் வழியொன்றும் அவ்வழமையில் இருந்தது. அதுவே ஒற்றி. கடன் கொடுத்தோன் காணியைத் தன் கையிற்கொண்டு, வட்டிக்கு ஈடாக அதன் விளைவை அனுபவித்து, முதல் திரும்பியதும் காணியை விடுவான். நிறைவேற்றம் முன்னரே நடந்துவிட்டமையால் பின்னர் நீதிமன்றத்துக்கு வேலை குறைவு.

உடலைப் பற்றுதல் மேலைநாட்டில் எளிதில் ஒழிந்துவிடவில்லை. இங்கிலாந்தின் பழைய பொதுச்சட்டத்தில் தீர்ப்புப் பெற்றோன் கடனாளியின் பொருளைப் பற்றும் ஆணையையோ, அவன் உடலைப் பற்றும் ஆணையையோ கேட்கலாம். உடலைப் பற்றியபின் கடனாளி கடன் தீரும்வரை சிறையில் இருப்பான். சிறையில் இருப்பவன் உழைத்துக் கடன் தீர்ப்பது எங்ஙனம் என்பதை எவரும் ஆராய்ந்திலர். 1824இல் யோன் டிக்கின்ஸ் என்னும் எழுதுவினைஞர், ஒரு வெதுப்பகத்தானுக்குக் கொடுக்கவேண்டிய நாற்பது பவுண் பத்துச் சிலிங்குக்காக இலண்டன் மார்சல்சீச் சிறையில் அடைக்கப்பட்டார். பன்னிரண்டு வயதினனாகிய அவர் மகன் சப்பாத்து மை செய்யும் தொழிற்சாலையிற் கூலிக்கு உழைத்தான். அச்சிறுவனே பின்னர்ச் சாள்ஸ் டிக்கின்ஸ் என உலகு போற்றிய நாவலாசிரியன். தந்தை இருந்த சிறையையே 'லிற்றில் டோறிற்' என்னும் நாவலின் களமாக்கினான். 1869ஆம் ஆண்டின் கடனாளிகள் சட்டம் சில விலக்குகள் நீங்கலாகக் கடனுக்குச் சிறையிடுதலை இங்கிலாந்தில் ஒழித்தது. ஒரு நன்மையை மட்டும் அப்பொதுச்சட்டம் முன்னரே செய்திருந்தது. 1604இல் முடிவான செமேயின் வழக்கில், பணக் கடனுக்கான ஆணையோடு வரும் அதிகாரி வீட்டின் வெளிக்கதவை உடைத்துப் புகலாகாது எனத் தீர்ப்பாயிற்று.

இலங்கையில் இன்று நிலவும் முறைக்கு அடிப்படை 1889ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமாகிய குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை. இந்தியக் கோவையைப் பெரிதும் தழுவி எழுந்த இது, 1973ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க நீதி நிருவாகச் சட்டம் வந்தபோது தன் இடத்தை இழந்து, 1977இல் மீண்டும் உயிர்பெற்றது. தீர்ப்பை நிறைவேற்றும் அதிகாரி பிஸ்கால் எனப்படுவார். அப்பெயர் ஒல்லாந்தர் விட்டுச் சென்றது. யாழ்ப்பாணத்துக் கிராமங்களில் 'பிஸ்கால்காரன் வருகிறான்' என்னும் சொல் ஒரு காலத்தில் அடுப்பை அணைக்கப் போதுமாயிருந்தது.

தீர்ப்பாணை தானாக நடவாது. வென்றவன் நிறைவேற்றத்துக்கு விண்ணப்பித்தல் வேண்டும். நீதிமன்றம் இசையின் பிஸ்காலுக்கு எழுத்தாணை செல்லும். பிஸ்கால் கடனாளியின் இல்லம் சென்று முதலிற் பணத்தைக் கேட்பார். கொடானாயின் அவனுடைய பொருளைக் கைப்பற்றுவார். எதனைக் கைப்பற்றுவது என்பதே இங்குச் சிக்கல். கடனாளிக்கு எங்கே காணி, யாரிடம் பணம் என்பதைப் பிஸ்கால் அறியார். அதனைக் கண்டுபிடித்துக் காட்டுதல் தீர்ப்புப் பெற்றவன் பொறுப்பே. இதற்கு உதவியாகக் கோவையின் 219ஆம் பிரிவு, கடனாளியை நீதிமன்றுக்கு அழைத்துச் சத்தியத்தின்மீது அவன் உடைமைகளைப் பற்றி வினவ இடமளிக்கின்றது. வழக்கிற் பல்லாயிரம் செலவழிப்போர் இவ்வாய்ப்பைப் பயன்படுத்தாது விடுதல் வியப்பே.

எல்லாப் பொருளையும் கைப்பற்றல் ஆகாது. 218ஆம் பிரிவு விலக்குகளை வகுத்துளது. கடனாளிக்கும் மனைவி மக்களுக்கும் வேண்டிய உடை, கட்டில், படுக்கை ஆகியவற்றைத் தொடலாகாது. தொழிலாளியின் கருவிகள், கமக்காரனாயின் கலப்பை முதலியனவும் அவன் சீவனத்துக்கு வேண்டியவென நீதிமன்றம் கருதும் மாடும் விதைதானியமும் விலக்கு. கூலியாட்கள் வீட்டுப் பணியாளர் ஆகியோரின் வேதனம், வருங்காலப் பராமரிப்புப் பெறும் உரிமை என்பனவும் அப்பட்டியலுள் வரும். இவ்விலக்குகள் இரக்கத்தினால் மட்டும் எழுந்தனவல்ல. கலப்பையை விற்றுப் பெறும் சில ரூபாவுக்காகக் கமக்காரன் உழுதொழிலை இழப்பானாயின் எஞ்சிய கடன் ஒருபோதும் தீராது. மார்சல்சீச் சிறை காணாத கணக்கை இப்பிரிவு கண்டது.

கைப்பற்றிய பொருள் கடனாளியினது அன்று என மற்றொருவர் உரிமைகோருதல் அடிக்கடி நிகழ்வது. வீட்டிலிருந்த நகையைப் பிஸ்கால் எடுக்கின்றார். அது தன் சீதனம் என மனைவி முன்வருகின்றாள். இத்தகைய கோரிக்கை எழின் பிஸ்கால் அதனை நீதிமன்றுக்கு அறிவிக்க, 241ஆம் பிரிவின்படி நீதிமன்றம் சுருக்கமாக விசாரிக்கும். அதில் தோற்றவர் பதினான்கு நாளுள் 247ஆம் பிரிவின்கீழ்த் தனிவழக்கிட்டுத் தம் உரிமையை நிலைநாட்டலாம். யாழ்ப்பாணத் தமிழரிடையே இப்பிரச்சினை கூர்மையுடையது. கணவன் மனைவியரின் சொத்து வேறுபாட்டை 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாண விவாக உரிமைகள் உரித்துரிமைக் கட்டளைச் சட்டம் வகுத்துரைத்தமையால், எது அவள் கொணர்ந்தது, எது மணவாழ்வில் இருவரும் தேடியது என்பதை நகை நகையாகப் பிரித்தறிய நேரும். சீதன உறுதியில் நகைகள் விவரமாக எழுதப்பட்டிருப்பின் அவள் காப்பாற்றப்படுவாள். 'நகையும் பணமும்' என ஒருசொல்லில் முடித்துவிடும் உறுதிகள் அந்நேரத்தில் உதவா. நொத்தாரிசுமார் சோம்பலின் விலையை மணமகள் இருபது ஆண்டின்பின் செலுத்துகின்றாள்.

வங்கியிலுள்ள பணமும் பிறர் கடனாளிக்குக் கொடுக்கவேண்டிய தொகையும் தடையறிவித்தலாற் கைப்பற்றப்படும். அறிவித்தல் பெற்றவர் கடனாளிக்குப் பணத்தைக் கொடாது நீதிமன்ற ஆணையை எதிர்பார்த்தல் வேண்டும்.

அசையா ஆதனத்தின் நிலை வேறு. காணியைத் தூக்கிச் செல்ல இயலாதாதலின், அதனை விற்கவோ ஈடுவைக்கவோ கூடாதென்னும் அறிவித்தலே கைப்பற்றுதலாகும். அக்காணியிற் பறையறைந்தோ வழக்கமான பிறிதொரு முறையாலோ அதனை ஊருக்கறிவித்தல் வேண்டும் எனக் கோவை விதித்தது. கைப்பற்றுதலைக் காணிப் பதிவகத்திற் பதிந்தபின் கடனாளி எழுதும் உறுதி, தீர்ப்புப் பெற்றவனுக்கெதிராகச் செல்லாது. பதியாது நாட்போக்கின் இடையில் ஓர் உறுதி முளைத்துவிடும். பின்னர் பகிரங்க ஏலம். வாங்குவோன் விலையிற் காற்பங்கை உடனே கட்டி எஞ்சியதை முப்பது நாளுள் செலுத்துவான். ஏலத்திற் பெருந்தவறு நேர்ந்து அதனால் தனக்குக் கணிசமான நட்டம் விளைந்ததெனக் கடனாளி காட்டுவானாயின் நீதிமன்றம் ஏலத்தைத் தள்ளலாம். தள்ளாவிடின் அதனை உறுதிப்படுத்தும். அதன்மேற் பிஸ்கால் உறுதி எழுதிக்கொடுப்பார். அவ்வுறுதி பெறுமளவும் கடனாளியின் உரித்து அறாது. பெற்றபின் உரித்து ஏலநாள் தொட்டே வாங்கியவனுடையதாகக் கொள்ளப்படும்.

ஏலங்களிற் காணி உரிய விலைக்குப் போவது அரிது. பிரியாத எட்டிலொரு பங்கை வாங்கிப் பங்காளிகளோடு பிரிவினை வழக்காட விரும்புவார் எத்தனைபேர்? அயலவன் காணியை ஏலத்தில் வாங்க அயலார் கூசுதலும் உண்டு. ஆதலின் தீர்ப்புப் பெற்றவனே வாங்க நேரும். ஆனால் நீதிமன்றின் அனுமதியின்றி அவன் ஏலங்கேட்கலாகாது. தானே ஏலத்தை நடத்துவித்துத் தானே மலிவாக வாங்கும் தந்திரத்துக்குச் சட்டம் இட்ட பூட்டு இது.

கடன் கொடுத்தோர் பலராயின், ஒருவர் முயற்சியால் ஏலப்பணம் வருமுன் மற்றோரும் தத்தம் தீர்ப்பாணையோடு அந்நீதிமன்றில் விண்ணப்பித்திருப்பராயின், 352ஆம் பிரிவின்படி அப்பணம் அவரவர் கடனளவுக்கு ஏற்ப விகிதமாகப் பங்கிடப்படும். உரோமர் உடலை வெட்டிப் பங்கிடச் சொன்ன இடத்தில் இன்றைய சட்டம் பணத்தைப் பங்கிடுகின்றது. அங்கே கூடக்குறைய வெட்டினும் குற்றமில்லை, இங்கே சதக்கணக்கும் பிசகலாகாது.

வழக்கு வருமென்றறிந்ததும் தன் காணியைத் தம்பிக்கோ மருமகனுக்கோ நன்கொடையாக எழுதிவிடுவோர் எந்நாட்டிலும் உளர். இவர்க்கெதிராக உரோமச் சட்டம் கண்ட பவுலிய வழக்கு, உரோம-ஒல்லாந்தச் சட்டத்தின் வழியாக இலங்கையிலும் நிலவுகின்றது. ஏமாற்றும் எண்ணத்தோடு உடைமையைக் குறைத்தான் எனக் காட்டினால் உறுதி தள்ளப்படும். நன்கொடை பெற்றவன் ஒன்றும் அறியாதவனாயினும் காணியை விடல் வேண்டும், அவன் இழப்பது இலவசமாகப் பெற்றதையே ஆதலின். விலைகொடுத்து வாங்கியவனோ அவ்வேமாற்றில் உடந்தையாயிருந்தாலன்றி இழக்கமாட்டான். இவ்வேறுபாடு எளிய நியாயத்தின்பாற்பட்டது. ஆனால் 'விலை' என உறுதியில் எழுதியது மெய்யாகக் கைமாறிற்றா என நிறுவுதலே வழக்கின் பெரும்பகுதியை விழுங்கிவிடும்.

உடலைப் பற்றும் முறை கீழைநாட்டுக் கோவைகளில் முற்றாக மறையவில்லை. இலங்கைக் கோவையிலும் இந்தியக் கோவையிலும் கடனாளியைக் கைதுசெய்யும் ஏற்பாடு எழுதப்பட்டது. இந்தியாவில் 1936ஆம் ஆண்டுத் திருத்தம், கொடுக்க வல்லனாயிருந்தும் கொடாதவனையும் தப்பியோட முயல்பவன் போன்றாரையும் தவிர்த்து ஏனையோரைச் சிறையிடுதலைத் தடுத்தது. பணக் கடனுக்காகப் பெண்களைக் கைதுசெய்தலை 1908ஆம் ஆண்டின் கோவையே விலக்கியிருந்தது. சிறையிலுள்ள கடனாளியின் உணவுச்செலவைச் சிறையிடுவித்தவனே கட்டுதல் வேண்டும் என்னும் விதி, பன்னிரு பலகையின் ஓர் இறாத்தல் மாவை நினைவூட்டுவது. 1966இல் ஐக்கிய நாடுகள் சபை ஏற்ற குடியியல் அரசியல் உரிமைகள் பற்றிய சர்வதேசப் பொருத்தனையின் 11ஆம் உறுப்புரை, ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமை ஒன்றையே காரணமாகக்கொண்டு எவரையும் சிறையிடலாகாது என்கின்றது. இலங்கை அதில் 1980இல் சேர்ந்தது. அவ்வாண்டிலேயே இந்திய உயர் நீதிமன்றில் நீதியரசர் கிருஷ்ண ஐயர் எழுதிய தீர்ப்பு, வறுமையாற் கொடாமை வேறு, வஞ்சத்தாற் கொடாமை வேறு என அவ்வுறுப்புரையின் ஒளியில் இந்தியக் கோவையை விளக்கிற்று.

தீர்ப்பாணைக்கும் ஆயுள் உண்டு. கடனாளி வஞ்சனையாலோ வன்முறையாலோ தடுத்திருந்தாலன்றி, இலங்கையிற் பத்தாண்டு கழிந்தபின் நிறைவேற்றத்துக்கு விண்ணப்பித்தல் பயன்படாது. பெட்டியில் மடித்துவைத்த டிக்கிறி பதினோராம் ஆண்டில் வெறுங்கடதாசியே.

நீதிமன்றுக்கு வெளியே கடனைத் தீர்க்கும் வழிகளையும் சட்டம் ஒருபால் நாடிற்று. 1941ஆம் ஆண்டின் 39ஆம் இலக்கக் கடன் இணக்கக் கட்டளைச் சட்டம், ஈட்டுக் கடனாலும் நிபந்தனை விற்பனையாலும் காணியை இழக்கும் நிலையிலுள்ளார்க்குச் சபையொன்றின் முன் தவணை பேசிக்கொள்ளும் வாய்ப்பை அளித்தது. மறுபால் கடன் கொடுப்போர் கையும் வலுவாயிற்று. 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டப்படி கடன்வழங்கு நிறுவனம் வழக்கிடின், நீதிமன்றம் முதலிலேயே நிபந்தனைத் தீர்ப்பாணையை வழங்கும். எதிர்வாதம் உரைக்க எதிரி நீதிமன்றின் அனுமதி பெறல் வேண்டும். அவ்வாண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் அதற்கும் அப்பாற் சென்றது. ஈடுவைத்த ஆதனத்தை வங்கியின் பணிப்பாளர் சபையே தீர்மானம் நிறைவேற்றி, நீதிமன்றை அணுகாது ஏலத்தில் விற்கலாம். 'பறாட்டே' என்று வழங்கும் இவ்வதிகாரத்தின் பெயரும் ஒல்லாந்தச் சட்டத்தினின்று வந்ததே. வழக்கிட்டவனே தீர்ப்பாளனுமாய், பிஸ்காலுமாய் நிற்பது இங்கே. கடன் விரைந்து திரும்பாவிடின் வைப்பாளர் பணம் யாது ஆகும் என்பது வங்கிகளின் வாதம். கடனே சரியா, வட்டிக்கணக்கே பிழையா என்பதை விற்குமுன் கேட்பார் எவருமில்லை என்பது கடனாளர் வாதம். இரண்டிலும் உண்மை உளது; பின்னதற்கு இழப்பு மீளாதது ஆதலின் அதற்கே கனம் மிகுதி.

கடன் பெற்றவன் அல்லாத வேறொருவர், அவனுக்குப் பிணையாகத் தம் காணியை ஈடுவைத்திருப்பின் அதனையும் இவ்வழியில் விற்கலாமா என்னும் வினா 2006இல் இலங்கை உயர்நீதிமன்றின் முன் வந்தது. கடன் பெற்றவனுடைய ஆதனத்துக்கே அவ்வதிகாரம் செல்லும் எனப் பெரும்பான்மை நீதியரசர் தீர்த்தனர். மகனின் வியாபாரத்துக்குத் தம் வீட்டை ஈடுவைத்த தாய்தந்தையர் பலர் அத்தீர்ப்பினால் நீதிமன்றில் தம் வழக்கை உரைக்கும் வாய்ப்பைப் பெற்றனர். 2022ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடியிற் சிறு தொழில்கள் சரிந்தபின், அவ்வதிகாரத்தின் பிரயோகம் 2024இற் சட்டத்திருத்தமொன்றாற் சிலகாலம் நிறுத்திவைக்கப்பட்டது. அந்நிறுத்தத்தாற் கடன் குறையவில்லை, வட்டியும் வளர்ந்தது. கடனாளர்க்குக் கிடைத்தவை சில மாதங்கள்.